இரவல் வரைபடம்: ஸ்காபரோவின் கிழக்கோரத் தொகுதி

2025 பெப்ரவரி 27 அன்று ஒன்ராறியோ மாகாணத் தேர்தல் நடந்தது. ஏப்ரல் 28 அன்று கனடிய நாடாளுமன்றத் தேர்தல். ரொறன்ரோவின் கிழக்கோரத்தில், ரூஜ் ஆற்றை ஒட்டிய தெருக்களில் குடியிருப்பவர்கள் முதல் தேர்தலில் ஸ்காபரோ–ரூஜ் பார்க் வாக்காளர்கள். இரண்டே மாதத்தில் அவர்களில் பலர் ஸ்காபரோ–கில்ட்வுட்–ரூஜ் பார்க் வாக்காளர்கள் ஆனார்கள். பெயர் நீண்டது மட்டுமல்ல, எல்லைக்கோடும் நகர்ந்திருந்தது. வீட்டைத்தான் யாரும் மாற்றவில்லை.

இத்தனைக்கும், இப்படி ஒரு குழப்பத்துக்கே இடமில்லாமல் செய்திருக்க வேண்டிய ஒரு சட்டத்தை ஒன்ராறியோ 1996இல் கொண்டுவந்தது. மைக் ஹரிஸ் தலைமையிலான கன்சர்வேட்டிவ் அரசு அதற்கு வைத்த பெயரே அரசியல்வாதிகளைக் குறைக்கும் சட்டம். அதுவரை மாகாணம் தன் தொகுதிகளைத் தானே வகுத்துக்கொண்டது. அதன்பின் மத்திய நாடாளுமன்றத்துக்கு வகுக்கப்பட்ட தொகுதிகளே மாகாண சட்டமன்றத்துக்கும் தொகுதிகள். உறுப்பினர் தொகை 130இலிருந்து 103ஆக இறங்கியது. அந்த ஆண்டு மக்கள்தொகைக் கணக்கை வைத்துப் பார்த்தால், ஓர் உறுப்பினர் சராசரியாக 83,000 பேருக்குப் பேசிய நிலை மாறி 104,000 பேருக்குப் பேச வேண்டியதாயிற்று.

இந்த இரவல் ஏற்பாட்டில் நன்மை இல்லை என்று சொல்ல மாட்டேன். மத்திய தொகுதிகளை வகுப்பது பத்தாண்டுக்கு ஒருமுறை, குடிசனக் கணக்கெடுப்புக்குப் பின் அமையும் மூவர் ஆணையம். மக்கள் விசாரணை நடக்கும். யாரும் போய் முறையிடலாம். ஆட்சியில் இருக்கும் கட்சி தனக்குச் சாதகமாகக் கோட்டை வளைத்துக்கொள்ள அங்கே இடம் மிகக் குறைவு. அதே கோட்டை மாகாணமும் எடுத்துக்கொண்டால் அந்த நடுநிலைமையும் கூடவே வந்துவிடுகிறது. கதவு தட்டும் தொண்டருக்கும் வசதி: தெருக்களின் பட்டியல் ஒன்றுதான். வந்து குடியேறிச் சில ஆண்டுகளே ஆனவர்களுக்கு மூன்று அரசுகளின் கணக்கும் முதலில் தலைசுற்றும். அவர்களுக்கு, 'உங்கள் தொகுதி இதுதான்' என்று ஒரே பெயரைச் சொல்ல முடிந்தால் அது சிறிய உதவி அல்ல.

ஆனால் ஸ்காபரோவின் கதையைக் கொஞ்சம் பின்னோக்கிப் பார்த்தால் இந்த வசதிக்குக் கொடுத்த விலை தெரியும். 1963இல் ஸ்காபரோ வடக்கு என்றொரு மாகாணத் தொகுதி இருந்தது. பின்னாளில் கல்வி அமைச்சரான தோமஸ் வெல்ஸ் 1985 வரை அங்கே உறுப்பினர். பக்கத்து ஸ்காபரோ கிழக்கில் 1971இல் வென்ற மார்கரெட் பிர்ச், ஒன்ராறியோ அமைச்சரவையில் இடம்பெற்ற முதல் பெண். வெல்ஸ் விலகிய பின் வடக்கில் வென்ற அல்வின் கேர்லிங், ஜமைக்காவிலிருந்து வந்தவர். மாகாண அமைச்சரவையின் முதல் கறுப்பினத்தவர், பிற்காலத்தில் சபாநாயகர். 1995 டிசம்பரில் ஹரிஸ் அரசின் பெருந்தொகுப்புச் சட்டத்தை எதிர்த்து, வாக்களிக்க எழவும் மறுத்து, வெளியேறவும் மறுத்து இரவெல்லாம் தன் இருக்கையிலேயே உட்கார்ந்திருந்தவர் இவர்தான். வயல்வெளி வீட்டுமனைகளாக மாறிக்கொண்டிருந்த ஒரு புறநகரம், யார் யாரைச் சபைக்கு அனுப்பலாம் என்பதை மாகாணத்துக்கே சொல்லிக்கொடுத்த காலம் அது.

1999இல் ஸ்காபரோ வடக்கு போய் ஸ்காபரோ–ரூஜ் ரிவர் வந்தது. கேர்லிங் அங்கும் வென்றார்; 2005இல் அவர் விலக, இடைத்தேர்தலில் வந்த பாஸ் பல்கிசூன் 2016 வரை இருந்தார். கட்சிக் கணக்கில் 31 ஆண்டு லிபரல் கோட்டை.

கிழக்கில் நடந்தது இதைவிட விசித்திரம். மத்திய ஆணையம் ரூஜ் ஆற்றைத் தாண்டிப் பிக்கரிங் நகரத்தின் ஒரு பகுதியையும் ஸ்காபரோவின் கிழக்கு விளிம்பையும் சேர்த்துப் பிக்கரிங்–ஸ்காபரோ கிழக்கு என்று ஒரு தொகுதி செய்தது. தலைக்கணக்கு சரியாக வந்தது. நாடாளுமன்ற உறுப்பினருக்கு அதனால் பெரிய சிரமம் இல்லை. குடிவரவும் பாதுகாப்பும் ஆற்றின் இரு கரைக்கும் ஒன்றுதான். 2007இல் மாகாணமும் அதே கோட்டை அப்படியே எடுத்துக்கொண்டது. மாகாண உறுப்பினரின் வேலையோ பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, பஸ். ஆற்றுக்கு மேற்கே ரொறன்ரோ கல்விச் சபை, கிழக்கே டர்ஹம் கல்விச் சபை. மேற்கே ஓடுவது ரீ.ரீ.சி. பஸ், கிழக்கே டர்ஹம் பிராந்திய பஸ். கிங்ஸ்டன் வீதியில் ஆற்றைக் கடந்து வேலைக்குப் போகிறவர் இரண்டு கட்டணம் செலுத்தினார். மாகாண அரசு ஒரே கட்டணத் திட்டத்தைக் கொண்டுவந்தது 2024 பெப்ரவரியில்தான். சென்டினரி ஆஸ்பத்திரியும் ஏஜாக்ஸ்–பிக்கரிங் ஆஸ்பத்திரியும் ஒரே நிர்வாகத்தில் இருந்ததுதான் இரு கரையையும் இணைத்த ஒன்று. அதையும் 2016இன் இறுதியில் பிரித்து, ஒன்றை ஸ்காபரோவோடும் மற்றதை டர்ஹத்தோடும் சேர்த்தார்கள். தொகுதி மட்டும் 2018 வரை ஒட்டியே இருந்தது. மத்திய அரசின் தேவைக்கு வகுத்த கோடு மாகாண அரசின் வேலைக்குப் பொருந்தும் என்ற அனுமானம் இங்கேதான் தோற்கிறது.

இரவலிலும் தாமதம் உண்டு. மத்தியின் புதிய வரைபடம் நடைமுறைக்கு வந்த ஆண்டுகள் 2004, 2015, 2025. மாகாணம் அதைப் பின்பற்றியது 2007இலும் 2018இலும். மூன்றாவதுக்கு இன்னும் வரவில்லை. 2015இல் மத்தியில் ஸ்காபரோ–ரூஜ் ரிவர் மறைந்தேவிட்டது. அதே பெயரில் 2016 செப்டம்பரில் மாகாண இடைத்தேர்தல் நடந்தது! கொரியாவில் பிறந்த, நெடுநாள் நகரசபை உறுப்பினரான ரேமண்ட் சோ கன்சர்வேட்டிவ் கட்சிக்காக வென்றார். லிபரல் கட்சியும் புதிய ஜனநாயகக் கட்சியும் தமிழரையே நிறுத்தியிருந்தன. நம் ஆட்கள் வாக்கைப் பிரித்தார்கள் என்ற புலம்பல் அன்றைக்குத் தேநீர்க்கடைகளில் நிறையக் கேட்டது. எனக்கு அந்த வாதத்தில் நம்பிக்கையில்லை: இரண்டு கட்சிகள் ஒரு சமூகத்தின் வாக்கைத் தேடி வருவது அந்தச் சமூகத்தின் பலமே தவிரப் பலவீனம் அல்ல.

2018இல் மாகாணத்தில் ஸ்காபரோ–ரூஜ் பார்க் பிறந்தது. இம்முறை கோடு ரூஜ் ஆற்றுப் பக்கமே நின்றது. போர்ட் யூனியன், ஹைலண்ட் கிரீக் எல்லாம் ஒரே நகரத்துக்குள் வந்தன. ஆனால் தமிழரும் கரிபியரும் நெருங்கி வாழும் மால்வெர்ன், இதற்கும் மறுபிறவி எடுத்த ஸ்காபரோ வடக்குக்கும் இடையே பிரிந்துபோனது. முதல் தேர்தலில் கன்சர்வேட்டிவ் கட்சியின் விஜய் தணிகாசலம் ஏறக்குறைய ஆயிரம் வாக்கு வித்தியாசத்தில் வென்றார். தமிழின அழிப்புக் கல்வி வாரச் சட்டம் 2021இல் நிறைவேறியது இவர் கொண்டுவந்த தனிநபர் சட்டமூலத்தால். ஒரு சமூகம் திரண்டு வாழும் இடத்துக்குள் தொகுதிக்கோடு ஓரளவாவது பொருந்தினால் என்ன நடக்கும் என்பதற்கு இது உதாரணம். ஆகவே மத்திய ஆணையத்தின் கோடு எப்போதும் பிழை என்பதல்ல என் வாதம். அது சரியாக அமைந்தாலும் தவறாக அமைந்தாலும், திருத்திக்கொள்ள மாகாணத்தில் வழி இல்லை.

அதே 2018இல் இரவல் இன்னொரு படி இறங்கியது. மாகாணத்தின் டக் ஃபோர்ட் அரசு, ரொறன்ரோ நகரசபைத் தேர்தலுக்கு மனுத்தாக்கல் முடிகிற நேரத்தில், 47 வட்டாரங்களை 25ஆகக் குறைத்து, மாகாணத் தொகுதிகளே இனி வட்டாரங்கள் என்றது. 2021இல் கனடிய உச்ச நீதிமன்றம் 5–4 என்ற கணக்கில் அதைச் செல்லும் என்றது. அந்த 2018 தேர்தலில், பதவியிலிருந்த நகரசபை உறுப்பினர் நீதன் ஷான் ரூஜ் பார்க்கில் 200க்கும் குறைவான வாக்குகளில் தோற்றார். வென்றவர் தோற்றவர் விடயம் இருக்கட்டும். குப்பை வண்டிக்கும் வீதி விளக்குக்கும் முறையிடப் போகிறவருடைய வட்டாரத்தை, ஒட்டாவா நாடாளுமன்றத்துக்காக ஓர் ஆணையம் போட்ட கோடு தீர்மானிக்கிறது. கட்சிகளுக்குச் சௌகரியம், எனக்கு இது நியாயமாகப் படவில்லை.

ஒன்ராறியோவுக்கு வேறு வழி தெரியாது என்றும் சொல்ல முடியாது. 2005இல் மாகாணத்தின் வடபகுதிக்கு விலக்குக் கொடுத்து அங்கே 11 தொகுதிகளை அப்படியே வைத்துக்கொண்டார்கள். 2017இல் தூர வடக்குக்குத் தனி ஆணையமே அமைத்து இரண்டு தொகுதிகள் கூட்டினார்கள். மொத்தம் 124 ஆனது. அவற்றில் ஒன்றான கீவேட்டினூங்கில் சுமார் 33,000 பேர்தான். தெற்கில் ஒரு தொகுதிக்கு லட்சத்துக்கு மேல். பரந்த நிலமும் பூர்வகுடிகளின் பிரதிநிதித்துவமும் அந்த விலக்குக்கு நல்ல காரணங்கள், அதில் எனக்கு ஆட்சேபமில்லை. ஆனால் வடக்குக்குச் சொந்தமாகக் கோடு போடத் தெரிந்த மாகாணம், அடர்ந்து வளரும் புறநகருக்கு மட்டும் இரவல் போதும் என்று நினைப்பது ஏன்? வடக்கின் அந்த ஆணையம் தன் அறிக்கையைக் கொடுத்த அதே ஆண்டில் சட்டமும் நிறைவேறியது. புறநகருக்கும் அப்படிச் செய்யலாம்: மத்திய வரைபடத்தை அடிப்படையாக வைத்துக்கொண்டு, கல்விச் சபை எல்லை, பஸ் எல்லை, மால்வெர்ன் போன்ற இடங்களைப் பார்த்து மாற்றங்களைப் பரிந்துரைக்க ஒரு மாகாண ஆணையமும், புதிய வரைபடம் எந்தத் தேர்தலிலிருந்து செல்லும் என்று சட்டத்திலேயே ஒரு திகதியும் இருந்தால் போதும். அந்தத் திகதி இல்லாததால்தான் 2026 ஒக்டோபரில் வரும் நகரசபைத் தேர்தலும், மத்தி கைவிட்டுவிட்ட அதே பழைய 25 கட்டங்களில் நடக்கிறது.