விகதகுமாரன்: வடுவும் குலமும்

இந்தியப் பேசாப்படங்களுட் பல புராணக் கதைகளையே பொருளாகக் கொண்டன. 1913ஆம் ஆண்டில் வெளிவந்த பால்கேயின் 'ராஜா அரிச்சந்திரா' அந்நெறிக்கு வழிகாட்டியது. ஜே. சி. டானியல் திருவனந்தபுரத்தில் ஆக்கிய 'விகதகுமாரன்' அந்நெறியினின்றும் விலகிக் குடும்பமொன்றின் துயரைக் கூறிற்று. மலையாள நாட்டின் முதற் கதைப்படமாகிய அது வெளியான ஆண்டு 1928 என்பாரும் 1930 என்பாரும் உளர்.

திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மைந்தன் சந்திரகுமாரன். பூதநாதன் என்னுங் கொடியோன் அவனைக் கவர்ந்து இலங்கைக்குக் கொண்டு செல்கின்றான். தோட்டமொன்றிற் கூலியாளாக வளரும் சிறுவன் பின்னர் அதன் மேற்பார்வையாளனாக உயர்கின்றான். அவன் உறவினன் ஜயச்சந்திரன்; அவன் சகோதரி சரோஜினி. இவ்விருவரின் காதலும் கதையிற் பின்னிச் செல்கின்றது. ஈற்றில், முதுகிலுள்ள வடுவே இழந்த மைந்தனைக் குடும்பத்தார்க்கு உணர்த்துகின்றது. சகுந்தலை கதையிற் கணையாழிக்குள்ள இடம் இங்கே வடுவுக்கு உண்டு.

ஆயின், காதலுக்குப் பெருந்தடை கதைக்குப் புறத்தேயிருந்து வந்தது. ஜயச்சந்திரனாக டானியலே நடித்தார். நாயர் குலப் பெண்ணாகிய சரோஜினியாக நடித்தவர் புலையர் குலத்திற் பிறந்த பி. கே. றோசி. கப்பிற்றல் தியேட்டரிற் படங் காட்டப்பட்டபோது, அவர் கூந்தலிற் சூடிய மலரை நாயகன் முத்தமிடுங் காட்சி கண்டு அவையினர் வெகுண்டு திரைமீது கல்லெறிந்தனர் என்பர். றோசி ஊரை விட்டு நீங்கினார், நடிப்புலகிற்கு மீண்டிலர்.

அவையினர் நடிப்பென்பதை அறியாதவரல்லர். 'ராஜா அரிச்சந்திரா'விற் சந்திரமதியாக நடித்தவர் சாலுங்கே என்னும் ஆடவர். அதனை மக்கள் ஏற்றனர். விகதகுமாரனிலும் செல்வர் மைந்தன் கூலியாளாதலை அவை பொறுத்தது. உழைக்குங் குலத்துப் பெண் உயர்குல நங்கையாதலை மட்டும் பொறுத்திலது. வேடத்தை நீக்கிப் பிறப்பைப் பார்க்கும் கண், ஈண்டுக் கலையைக் காணத் தவறியது. கதையில் உடலின் அடையாளம் ஒருவனைக் குடும்பத்தோடு சேர்த்தது. அரங்கிற் குலத்தின் அடையாளம் ஒருத்தியைக் கலையினின்றும் பிரித்தது.

படச்சுருள் இன்று இல்லை. கேரள அரசு 1992 முதல் டானியல் பெயரால் விருது வழங்கி வருகின்றது. றோசியின் பெயரைத் திரைப்படச் சங்கமொன்று ஏற்றது 2019இலேயாகும். நடிகரிடம் திறமையை வேண்டும் கலை, காண்போரிடம் அத்திறமையை ஒப்பும் நடுநிலையையும் வேண்டுகின்றது. அந்நடுநிலை இல்லாத அவையில் முதற் படத்தோடே ஒரு நடிகையின் கலைவாழ்வு முடிந்தது என்பதே விகதகுமாரன் உணர்த்தும் உண்மையாகும்.