சுரபியின் கயிறும் கே.வி. ரெட்டியின் கேமராவும்

ஹைதராபாத்தின் சேரிலிங்கம்பள்ளியில் சுரபி நாடகக்காரர்களுக்கென்றே ஒரு காலனி இருக்கிறது. 1885-இல் கடப்பா மாவட்டத்துச் சுரபி கிராமத்தில் ‘கீசக வதம்’ போட்டுத் தொடங்கிய பரம்பரை அது. தாத்தா, மருமகள், பேரன் என்று வீடே வேஷம் கட்டும். அவர்கள் மேடையில் கடோத்கசன் கயிற்றில் பறந்து வருவான். எய்த அம்புகள் நடுவானில் மோதிக்கொள்ளும். கயிறு கண்ணுக்குத் தெரியும். தெரிந்தும் குழந்தைகள் வாயைப் பிளப்பார்கள், பெரியவர்களும்தான்.

‘சசிரேகா பரிணயம்’ என்று தெலுங்கு மேடைகளில் ஆடித் தழைத்த அந்தக் கதையைத்தான் 1957-இல் கே.வி. ரெட்டி, விஜயா நிறுவனத்துக்காகத் தெலுங்கிலும் தமிழிலும் ‘மாயாபஜார்’ ஆக்கினார். நமக்கும் கதை புதிதல்ல. சங்கரதாஸ் சுவாமிகளின் ‘அபிமன்யு சுந்தரி’யைப் பாய்ஸ் கம்பெனிகள் ஊர் ஊராக ஆடியிருக்கின்றன. அபிமன்யுவுக்கும் சசிரேகாவுக்கும் வியாசர் சொல்லாத கல்யாணம் இது. கூத்தும் நாடகமும் நடத்தி வைத்தது.

மேடையைத் திரைக்குக் கொண்டுவருவதில் பெரிய இடைஞ்சல் பாட்டுதான். தெலுங்கு மேடையில் நடிகர் ஒரு பத்யத்தை, அதாவது செய்யுளை, எடுத்து ராகத்தை இழுத்தால் கொட்டகை ‘ஒன்ஸ்மோர்’ கேட்கும். கதை அப்படியே நிற்கும், யாருக்கும் அவசரமில்லை. அதே இழுவை திரையில் கொட்டாவியாகிவிடும். கே.வி. ரெட்டியோ ஸ்டாப்வாட்சை வைத்துக்கொண்டு காட்சியின் நீளத்தைப் படப்பிடிப்புக்கு முன்பே கணக்கிடுகிறவர். அதனால்தான் மூன்று மணி நேரப் படத்தில் பாட்டுகள் கதையை நிறுத்தாமல் தூக்கிக்கொண்டு நடக்கின்றன.

எதை விட்டார் என்பதில்தான் அவர் கை தெரிகிறது. பாரதக் கதை, ஆனால் பாண்டவர் ஐவரில் ஒருவர்கூடத் திரைக்கு வருவதில்லை. முதல்முறை பார்க்கிறபோது இது உறைப்பதே இல்லை. தர்மன் வந்திருந்தால் நீதி பேசியிருப்பான், கல்யாண வீட்டின் கலகலப்பு கெட்டிருக்கும்.

கயிற்றுக்குப் பதில் கேமரா வந்தது. விஜயா வாகினி ஸ்டுடியோவில் 50-க்கு 60 அடி இடத்தில் ஏறக்குறைய 300 குட்டி வீடுகளைக் கட்டி விளக்கேற்றித் துவாரகையை எழுப்பினார்கள். மார்க்கஸ் பார்ட்லி படகுப் பாட்டில் காட்டிய நிலவை இன்றைக்கும் ஒளிப்பதிவாளர்கள் பேசுகிறார்கள்.

ஆனால் இந்தப் படத்தின் ஆகப் பெரிய மாயம் தந்திரக் காட்சியில் இல்லை, சாவித்திரியிடம் இருக்கிறது. கடோத்கசன் கல்யாணப் பெண்ணின் உருவில் வந்து உட்காருகிறான். அதாவது, சாவித்திரி, கடோத்கசனாக வரும் எஸ்.வி. ரங்காராவாக நடிக்க வேண்டும். தலை குனிந்த நாணம், மெல்லிய அடி. ஆளில்லை என்று தெரிந்ததும் தோள் விரிகிறது, நடை அகலமாகிறது, பார்வையில் அரக்கத் திமிர் ஏறுகிறது. காலடி ஓசை கேட்டால் மறுபடி பூங்கொடி. மணவறையில் மாப்பிள்ளை லட்சுமண குமாரனின் காலை அவள் மிதிக்கும்போது அது அரக்கன் கால் என்று நமக்குத் தெரியும், அந்த அப்பாவிக்குத் தெரியாது. தமிழில் தங்கவேலு அலறுகிற அலறலுக்குக் கொட்டகை குலுங்கியது. இங்கே கேமரா எந்த வித்தையும் காட்டவில்லை. நடிகையை நம்பி, விலகி நின்று பார்க்கிறது. மேடையிலிருந்து கே.வி. ரெட்டி எடுத்துக்கொண்ட உயிர் இதுதான் என்பேன்: நடிப்பவரின் உடம்பே போதும் என்கிற நம்பிக்கை.

எல்லா முறையும் இது கூடிவரவில்லை. சிலகமர்த்தி லட்சுமி நரசிம்மத்தின் ‘கயோபாக்யானம்’ நாடகத்தை வைத்து 1963-இல் அவர் எடுத்த ‘ஸ்ரீகிருஷ்ணார்ஜுன யுத்தம்’ பார்க்கத் தகுந்த படம்தான். ஆனாலும் அதில் மேடையின் கை ஓங்கிவிடுகிறது. கிருஷ்ணனும் அர்ஜுனனும் பத்யங்களால் மோதிக்கொள்ளும்போது நாம் கொட்டகையின் முன்வரிசைக்கே திரும்பிவிடுகிறோம்.

2010-இல் ஹைதராபாத் நிறுவனம் ஒன்று தெலுங்கு ‘மாயாபஜா’ருக்கு வண்ணம் ஏற்றி வெளியிட்டது. உழைப்பு பெரிது, மறுக்கவில்லை. ஆனால் பார்ட்லியின் நிலவு கறுப்பு வெள்ளைக்கென்று பிறந்தது. ஹைதராபாத் போகிறவர்கள் சுரபியின் நாடகம் எங்கே நடக்கிறது என்று விசாரித்து ஒருமுறை போய்ப் பாருங்கள். ஊர் திரும்பியதும் கறுப்பு வெள்ளை ‘மாயாபஜா’ரைப் போட்டுப் பாருங்கள், முடிந்தால் வீட்டுக் குழந்தைகளோடு.