பின்பாட்டுக்காரரின் பெயர்

கேளிக்கைத் தொழிலைப் பற்றியே படம் பிடிக்கும் வழக்கம் சமீப ஆண்டுகளில் ஓங்கி வளர்ந்திருக்கிறது. பாடகர், நடிகர், படக் கம்பெனி ஆகியோரின் உள்விவரங்களைக் கூறும் ஆவணப் படங்கள், கதைப் படங்களுக்குச் சமமாக இன்று வீட்டுக்குள்ளேயே வந்து சேருகின்றன. இவற்றால் மக்களுக்கு நன்மை உண்டா? அன்றி, இவை விளம்பரத்தின் மறுவேஷந்தானா? விடை காண ஒரு படத்தை எடுத்துக் கொள்வோம்.

2013-இல் மார்கன் நெவில் என்னும் அமெரிக்கர் இயக்கிய 'டுவென்டி பீட் பிரம் ஸ்டார்டம்', பெரும் பாடகர்களுக்கு இருபதடி பின்னால் நின்று பின்பாட்டுப் பாடியவர்களின் வரலாறாகும். மறு ஆண்டில் ஆஸ்கார் பரிசும் பெற்றது. இதில் வரும் டார்லின் லவ் என்னும் கறுப்பினப் பெண்மணி, 1962-இல் 'ஹீ இஸ் எ ரெபெல்' என்ற பாட்டைப் பாடினார். இசைத்தட்டைத் தயாரித்த பில் ஸ்பெக்டர் அதன்மீது பொறித்ததோ 'கிரிஸ்டல்ஸ்' என்னும் வேறொரு குழுவின் பெயர்! பாட்டு அமெரிக்காவில் முதலிடம் பெற்றது. பாடியவரோ பிற்காலத்தில் பிறர் வீடுகளைத் துப்புரவு செய்து பிழைக்க நேர்ந்தது. அவ்வேலையில் இருக்கும்போது வானொலியில் தம் குரலையே கேட்டதாக அவர் கூறுமிடம் கல்நெஞ்சையும் கரைக்கும்.

மெர்ரி கிளேட்டன் 1969-இல் ரோலிங் ஸ்டோன்ஸ் குழுவினருக்காகப் பாடிய குரலை, வாத்தியங்களை நீக்கித் தனியே ஒலிக்கச் செய்கிறார் நெவில். ஆயிரம் புகழுரைகள் செய்ய முடியாததை அவ்வொரு குரல் செய்துவிடுகிறது. படத்தின் சிகரம் இதுவே.

ஆயினும் ஒரு குறையைச் சொல்லாமல் விடுவதற்கில்லை. இத்துணைத் திறமையுடையோர் முன்னே வராததற்கு அதிர்ஷ்டமும் மனப்போக்குமே காரணமென்று பேசப்படுகிறது. ஒப்பந்தமும் ஊதியமும் எவர் கையில் இருந்தன என்பதைப் படம் போதிய அளவு துருவிக் கேட்கவில்லை. தலையெழுத்தென்று சொல்லித் தப்புவதை நாம் ஒப்புவதெப்படி?

எனினும் அதே 2013-இல், பியான்சே என்னும் புகழ்பெற்ற பாடகி தம்மைப் பற்றிய படத்தைத் தாமே முன்னின்று இயக்கி வெளியிட்டதோடு ஒப்பிட்டால், நெவிலின் படம் எவ்வளவோ மேல். எசமானே கணக்கெழுதினால் கணக்கில் பிழை காண்பது யார்?

தோட்டத்தில் செக்ரோல் எழுதும் நமக்கு ஒன்று தெரியும். பெரட்டில் பேர் விழாதவருக்கு அன்றையக் கூலியில்லை. நம் கை தவறி ஒரு பெயர் விடுபட்ட மாதம், அந்த அம்மாள் ஆபீஸ் வாசலில் வாய் திறவாமல் நின்ற நிலையை நாம் இன்னும் மறந்தோமில்லை. உழைத்தவரின் பெயரை விடுவது எழுத்துப் பிழையன்று, வயிற்றில் அடிப்பதாகும்.

ஆகவே நேயர்களே, இத்தகைய படங்களைத் தாராளமாகப் பாருங்கள். பார்த்து முடித்ததும் இரண்டு கேள்விகளைக் கேளுங்கள்: படத்துக்குப் பணம் போட்டவர் யார்? எவருடைய பெயர் விடுபட்டது?