பி. கே. ரோசி

பி. கே. ரோசி மலையாளத் திரைப்படத்தின் முதல் கதாநாயகி. ஜே. சி. டேனியல் எழுதி, தயாரித்து, இயக்கிய 'விகதகுமாரன்' என்னும் ஊமைப்படத்தில் மட்டுமே நடித்தார். ஒரே படத்துடன் அவரது திரைவாழ்க்கை முடிந்தது. அப்படத்தின் பிரதி இன்று இல்லை.

நாடகம்

திருவனந்தபுரத்தில் புலையர் சாதியில் பிறந்த ரோசியின் இயற்பெயர் ராஜம்மா. தமிழும் மலையாளமும் கலந்து நடிக்கப்படும் காக்காரிசி நாடகத்தில் பயிற்சி பெற்றார். பெண் வேடங்களையும் ஆண்களே ஏற்றுவந்த அந்த நாட்டார் கலையில் நடித்த தொடக்ககாலப் பெண்களில் அவரும் ஒருவர்.

திரைப்படம்

'விகதகுமாரன்' திருவனந்தபுரம் கேப்பிட்டல் திரையரங்கில் வெளியானது. ஆண்டை 1928 என்றும் 1930 என்றும் ஆய்வாளர்கள் குறிப்பிடுகின்றனர். ரோசி ஏற்றது சரோஜினி என்ற நாயர் பெண்ணின் வேடம். தலித் பெண் நாயர் பெண்ணாகத் திரையில் தோன்றியதை ஆதிக்க சாதியினர் பொறுக்கவில்லை. திரை மீது கல்லெறிந்தனர். ரோசியின் குடிசை கொளுத்தப்பட்டது. அவர் ஊரைவிட்டு வெளியேறினார்.

நாகர்கோவில்

லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்தார். அவர் தமிழ்நாட்டுக்குத் தப்பி வந்தார் என்றே எழுதப்படுகிறது. ஆனால் அன்று நாகர்கோவில், குற்றாலத்தை அடுத்த செங்கோட்டையைப் போலவே, திருவிதாங்கூரைச் சேர்ந்தது. இரண்டும் தமிழ்நாட்டுடன் இணைந்தது 1956-ல்தான். ரோசி வேறு நாட்டுக்குப் போகவில்லை. தன்னை அறியாத ஊருக்குப் போனார்.

மீட்பு

வினு ஆபிரகாமின் 'நஷ்ட நாயிகா' நாவலும் கமல் இயக்கிய 'செல்லுலாய்ட்' (2013) படமும் ரோசியைப் பரவலாக அறியச்செய்தன. ஆனால் 'செல்லுலாய்ட்' டேனியலின் கதை. ரோசி ஊரைவிட்டு ஓடியபின் படம் அவரைத் தொடர்வதில்லை. கேரள அரசின் உயரிய திரைவிருது 1992 முதல் டேனியலின் பெயரில் வழங்கப்படுகிறது. ரோசியின் பெயரில் ஒரு திரைப்படச் சங்கம் அமைய 2019 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

மதிப்பீடு

ரோசிக்கு நேர்ந்ததைப் புரிந்துகொள்ளத் தமிழ்த் திரைப்படத்தின் நந்தனார்களை நோக்கலாம். 1935-ல், செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவின் துணைவியாரான கே. பி. சுந்தராம்பாள் ஆண் வேடமிட்டு நந்தனாராக நடித்தார். 1942-ல் ஜெமினியின் 'நந்தனார்' படத்தில் ஓதுவார் மரபில் வந்த எம். எம். தண்டபாணி தேசிகர் அவ்வேடத்தை ஏற்றார். பெண் ஆணாகலாம், ஓதுவார் புலையராகலாம். புலையர் பெண் நாயராவது மட்டும் கூடாது. வேடம் புனையும் உரிமை மேலிருந்து கீழ்நோக்கி மட்டுமே செல்லுபடியானது என்பதை ரோசியின் வாழ்க்கை காட்டுகிறது.

இன்று ரோசி பெரும்பாலும் பலியானவராகவே நினைவுகூரப்படுகிறார். அது பாதி உண்மை. திரைக்கு வருமுன்பே மேடையில் தேர்ந்த நடிகை அவர். டேனியல் அவருக்கு அளித்தது வாய்ப்பை மட்டும்தான், கலையை அல்ல. படம் அழிந்த பின்னும் அந்தக் கலைஞரின் இடத்தை வரலாறு தனியாகக் குறிப்பிட வேண்டும்.