சான்று கேட்ட நீதிமன்றமும் சான்று பகரும் ‘கருக்கு’ம்

பாமாவின் ‘கருக்கு’ 1992ஆம் ஆண்டு வெளிவந்தது. தலித் தன்வரலாறு என்ற வகையிலும், பேச்சுமொழியின் ஆற்றலை உணர்த்தும் நூல் என்ற வகையிலும் திறனாய்வாளர் பலர் அதனைப் போற்றியுள்ளனர். அப்போற்றுதல் தகுதியானதே. எனினும், திருச்சபையினராகிய நாம் அதனை மற்றொரு பின்னணியிலும் வைத்துப் படிக்கக் கடமைப்பட்டுள்ளோம். அது சாதிச் சான்றிதழ் பற்றிய வழக்கின் பின்னணி.

1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணை, சில சீக்கியப் பிரிவினர் நீங்கலாக, இந்துக்களை மட்டுமே பட்டியல் சாதியினராக ஏற்றது. 1956இல் சீக்கியர் அனைவரும், 1990இல் பௌத்தரும் சேர்க்கப்பட்டனர், கிறிஸ்தவர் சேர்க்கப்படவில்லை. தமிழ்நாட்டில் இவர்கள் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் வைக்கப்பட்டுள்ளனர்.

சென்னைத் தெருவோரத்தில் செருப்புத் தைத்துப் பிழைத்த சூசை என்பவர், அதே தொழில் செய்த இந்துக்களுக்கு அரசு இலவசமாய் அளித்த சிறு கடை தமக்கு மறுக்கப்பட்டதை எதிர்த்து வழக்காடினார். 1985இல் உச்ச நீதிமன்றம் அவர் மனுவைத் தள்ளிற்று. மதம் மாறிய பின்னும் சாதி தொடர்கிறது எனக் காட்டுவது மட்டும் போதாது. அதன் இடர்கள் புதிய சமயச் சமூகத்திலும் அதே கொடுமையுடன் தொடர்வதையும் மெய்ப்பிக்க வேண்டும் என்றது.

இக்கேள்வி யாரைப் பற்றியது? சூசையைப் பற்றியதன்று, நம்மைப் பற்றியது. நீதிமன்றம் கேட்டது திருச்சபைக்கு எதிரான சான்றையே. ஏழாண்டுகளுக்குப் பின் வந்த ‘கருக்கு’, தான் அறியாமலே அக்கேள்விக்கு விடையாயிற்று.

தம் தெருப் பெரியவர் ஒருவர் தின்பண்டப் பொட்டலத்தைத் தொடாமல் கயிற்றில் தொங்கவிட்டு மேற்சாதியாருக்கு எடுத்துச் செல்வதைக் கண்டு சிறுமி நகைக்கிறாள்; அண்ணன் விளக்கியபின் அந்நகை அடங்குகிறது. இது ஊரின் கொடுமை. ஆனால், அவள் வளர்ந்து கன்னியர் மடம் புகும்போது, தாழ்த்தப்பட்ட பெண்களை ஏற்காத துறவற சபைகளும் உண்டென அறிகிறாளே, அது யாருடைய கொடுமை? ஊரில் தொடங்கி மடத்தில் முடியும் இந்த ஒரே கோடுதான் நூலின் வலிமை. ஆசிரியர் வாதாடவில்லை, கண்டதைச் சொல்கிறார். ஒருவருடைய வாழ்க்கை புள்ளிவிவரமாகாது என்பது உண்மையே. ஆயினும், புள்ளிவிவரம் காட்டவியலாத ஒன்றை, அதாவது அவமானம் உள்ளத்தில் இறங்கும் விதத்தை, இந்நூல் காட்டுகிறது.

இது கத்தோலிக்கரின் கதை என்று நாம் ஒதுங்கவியலாது. சபைகளில் சாதிப் பாகுபாட்டை உடனே விட்டொழிக்குமாறு பேராயர் டேனியல் வில்சன் 1833இல் கட்டளையிட்டபோது, தஞ்சைச் சபையார் பலர் அதனை எதிர்த்தனர் என்பது நம் வரலாறு. கலாத்தியர் 3:28ஐப் பிரசங்கிக்கும் வாயால்தான் இன்றும் மணமக்களின் சாதியை விசாரிக்கிறோம்.

2024இல் புதுச்சேரிப் பெண் ஒருவரின் வழக்கில், கிறிஸ்தவ நம்பிக்கையில் வாழ்ந்துகொண்டே வேலைவாய்ப்பிற்காக இந்து எனச் சான்றிதழ் கோருவது அரசமைப்புச் சட்டத்தை வஞ்சிப்பதாகும் என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஞானஸ்நானப் பதிவேட்டில் ஒரு பெயரும் பள்ளிப் பதிவேட்டில் மற்றொரு பெயருமாக வாழும் குடும்பங்களை அறியாத ஆயர் எவர்? அவர்களை விசுவாசக் குறைவுடையோர் எனக் கடிவது எளிது. ஆனால், ஞானஸ்நானம் பெற்றவரைச் சட்டம் சாதியற்றவர் என்கிறது. சபையோ அவரைச் சாதியுள்ளவராகவே நடத்துகிறது. இவ்விரண்டிற்கும் நடுவில் நசுங்குவோர் வேறென்ன செய்வர்?

சமய வரம்பை நீக்குமாறு 2007இல் ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் பரிந்துரைத்தது. அதனை நாம் ஆதரிப்பது நன்றே. ஆனால், நம் கோரிக்கை மனு ஒவ்வொன்றும் ஒரு பாவ அறிக்கையாகவும் இருத்தல் வேண்டும். அரசிடம் ‘எங்களுள் சாதி உண்டு’ என்றும், ஆலயத்தில் ‘எங்களுள் சாதி இல்லை’ என்றும் சொல்லும் சபையின் சான்றை எந்த நீதிமன்றம் நம்பும்? பாமா தம் சான்றைக் கொடுத்துவிட்டார். நாம் நம்முடையதை எப்போது கொடுக்கப்போகிறோம்?