எந்த ஃபுட்பால்?

மெல்பர்னில் ஒருவர் ‘ஃபுட்டி பார்க்கப் போகிறேன்’ என்றால் அவர் போவது முட்டைவடிவப் பெருமைதானம் ஒன்றுக்கு. அங்கே பக்கத்துக்கு 18 பேர் ஆடுவார்கள். சிட்னிக்காரர் அதையே சொன்னால் பெரும்பாலும் ரக்பி லீக். டப்ளினில் ஃபுட்பால் என்றால் எதிரில் இருப்பவரைப் பொறுத்து கேலிக் ஆட்டமாகவும் இருக்கலாம், டாலஸில் தலைக்கவசம் மாட்டிய ஆட்டம், லண்டனில் உலகம் முழுக்கத் தெரிந்த 11 பேர் ஆட்டம். ஒன்றை மட்டும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு மற்றவை வெறும் தள்ளுமுள்ளாகத்தான் தெரியும். ரசிப்பதற்கு விதிப்புத்தகத்தை மனப்பாடம் செய்யத் தேவையில்லை. பந்தைக் கையில் பிடித்தவரை அந்த ஆட்டம் என்ன செய்கிறது என்று கவனித்தாலே பாதி புரிந்துவிடும். இந்தக் குடும்பம் பிரிந்ததே அந்த வழக்கில்தான்.

எல்லாவற்றுக்கும் முன்னால் இருந்தது ஊர்ச்சண்டை போன்ற ஆட்டம். இங்கிலாந்தின் டார்பிஷயரில் உள்ள ஆஷ்போர்ன் ஊரில் அது இன்றும் நடக்கிறது. தவக்காலத்துக்கு முந்தைய செவ்வாயன்றும் மறுநாள் சாம்பல் புதனன்றும் ஊரே இரண்டு கட்சியாகிவிடும். ஆற்றுக்கு எந்தப் பக்கம் பிறந்தவர் என்பதே அணியைத் தீர்மானிக்கும். இரண்டு கோல்களுக்கும் இடையே ஏறத்தாழ 5 கிலோமீட்டர். பந்து தண்ணீரில் விழுந்தால் ஆட்டமும் தண்ணீருக்குள் இறங்கும். இந்த வகை ஆட்டத்தின் ஆரவாரம் பொறுக்காமல் 1314-லேயே லண்டனில் தடை போட்டார்கள். சீனத்தின் சூஜு என்ற பந்தாட்டம் அதைவிடப் பழையது, ஃபுளோரன்ஸின் கால்ச்சோவுக்கும் நீண்ட வரலாறு உண்டு. ஆனால் இன்றைய விதிகளின் நேரடி வம்சாவளி இங்கிலாந்தின் பணக்கார விடுதிப் பள்ளிகளிலிருந்து வருகிறது. ஈட்டன், ஹாரோ, ரக்பி என்று பள்ளிக்கு ஒரு சட்டம் இருந்தது. ரக்பி பள்ளி மாணவர்கள் தங்கள் விதிகளை 1845-ல் எழுதிவைத்தார்கள். வில்லியம் வெப் எல்லிஸ் என்ற மாணவர் 1823-ல் பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடியதில் ரக்பி பிறந்தது என்ற கதை அவர் இறந்த பிறகே வெளிவந்தது. ஆதாரம் மெலிந்த கதைதான். ரக்பி உலகக் கோப்பைக்கு மட்டும் அவர் பெயர் நிலைத்துவிட்டது.

பள்ளி முடித்து வந்தவர்கள் ஒன்றாக ஆட முயன்றபோது தகராறு தொடங்கியது. 1863 அக்டோபர் 26 அன்று லண்டனின் ஃப்ரீமேசன்ஸ் டாவெர்ன் விடுதியில் கூடிய கிளப்புகள் ஃபுட்பால் அசோசியேஷனை அமைத்தன. முதல் வரைவில் பந்தோடு ஓடவும், ஓடுபவரின் முழங்காலுக்குக் கீழே உதைக்கவும் அனுமதி இருந்தது. டிசம்பரில் இரண்டையும் நீக்கவே, பிளாக்ஹீத் கிளப் வெளியேறியது. காலில் உதைப்பதை எடுத்துவிட்டால் ஆட்டத்தில் ஆண்மை போய்விடும் என்பது அவர்கள் வாதம். வேடிக்கை என்னவென்றால், 1871-ல் ரக்பிக்காரர்கள் தங்களுக்கென ரக்பி ஃபுட்பால் யூனியனை அமைத்தபோது அவர்களும் அந்த உதையைத் தடைசெய்தார்கள். அசோசியேஷன் ஆட்டத்திலும் கை ஒரே நாளில் போய்விடவில்லை. பறந்து வரும் பந்தைப் பிடிக்கும் உரிமை 1866 வரை இருந்தது. கோல்கீப்பர் என்ற ஆளே 1871-ல்தான் விதிகளில் தோன்றுகிறார்.

கை போனதால் இந்த ஆட்டத்தில் பந்து யாருக்கும் சொந்தமில்லை. எவ்வளவு பெரிய ஆட்டக்காரரானாலும் அடுத்த நொடி அதை இழக்கலாம். ஆகவே பந்து இருப்பவரைவிட இல்லாதவர்களைப் பார்ப்பதே லாபம். தாக்கும் வீரர் தடுப்பு வரிசையை ஒட்டி நிற்பதும், பாஸ் கிளம்பும் கணத்தில் அதைத் தாண்டிப் பாய்வதும்தான் ஆஃப்சைட் விதியின் முழு நாடகம். ஒரே ஒரு கோலில் 90 நிமிடம் முடிந்துவிடலாம். அந்த வறுமைதான் கோலுக்கு விலை ஏற்றுகிறது.

ரக்பியில் பந்தை அணைத்துக்கொண்டு ஓடலாம். ஆனால் கையால் முன்னோக்கி வீசக் கூடாது. பக்கத்திலோ பின்னாலோதான் தர வேண்டும். முன்னேற விரும்பும் அணி ஒவ்வொரு முறையும் பின்னால் பார்த்துப் பந்து தருவதில்தான் அழகு. கீழே வீழ்த்தப்பட்டவர் பந்தை விட்டாக வேண்டும். அந்த இரண்டு மூன்று நொடியில் அதைக் கவர எதிரணியில் ஒருவர் குனிவார், அவரை அப்புறப்படுத்த நாலு பேர் பாய்வார்கள். ஆட்டங்கள் பெரும்பாலும் அங்கேதான் கைமாறுகின்றன. 1895-ல் வட இங்கிலாந்தின் கிளப்புகள் யூனியனிலிருந்து பிரிந்தன. சனிக்கிழமை ஆடப்போய்க் கூலியை இழந்த சுரங்க, ஆலைத் தொழிலாளிகளுக்கு ஈட்டுத்தொகை தரலாமா என்பதே சண்டை. அப்படிப் பிறந்த ரக்பி லீக்கில் அணிக்கு 13 பேர். வீழ்ந்தவர் எழுந்து பந்தைக் காலால் பின்னே உருட்டிவிட்டு ஆட்டத்தைத் தொடர்வார். இப்படி ஆறு டேக்கிள் வரைதான் வாய்ப்பு என்பதால் ஐந்தாவது முடிந்ததும் பந்தை உதைத்துத் தள்ளுவது வழக்கம்.

அமெரிக்கா ரக்பியை எடுத்து நறுக்கியது. 1874-ல் கனடாவின் மெகில் பல்கலைக்கழகம் ஹார்வர்டுக்கு வந்து ஆடியபோது ரக்பி முறை அங்கே பிடித்துப்போனது. யேலின் வால்டர் கேம்ப் 1880-ல், பந்தை ஒரு அணியிடமே கொடுத்துக் கோட்டில் நின்று தொடங்கும் முறையைக் கொண்டுவந்தார். இப்போது 10 கெஜம் முன்னேற நான்கு முயற்சிகள். 1905-ல் ஆடுகளச் சாவுகள் அதிபர் தியடோர் ரூஸ்வெல்ட் வரை எட்டின. மறு ஆண்டே பந்தை முன்னோக்கி வீச அனுமதி வந்து ஆட்டத்தின் முகமே மாறியது. இதை இடைவிடாத ஓட்டமாக எதிர்பார்ப்பவருக்கு அலுப்புத் தட்டும். பந்து கிளம்புமுன் தடுப்பணி எங்கே நகர்கிறது, அதைக் கண்டு தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக் திட்டத்தை மாற்றுகிறாரா என்று பார்ப்பவருக்கு அந்த இடைவேளைகளே விருந்து. கனடாவில் மைதானம் பெரிது, ஆட்கள் 12, முயற்சிகள் மூன்று.

கண்ணுக்கு அதிக விருந்து ஆஸ்திரேலிய ஆட்டம் என்பதில் சந்தேகமில்லை. ரக்பி பள்ளியில் படித்துத் திரும்பிய டாம் வில்ஸ், கிரிக்கெட்காரர்கள் குளிர்காலத்தில் உடல் தளராதிருக்க ஃபுட்பால் கிளப் தொடங்கலாம் என்று 1858-ல் ஒரு மெல்பர்ன் இதழுக்குக் கடிதம் எழுதினார். 1859 மே மாதத்தில் விதிகள் எழுதப்பட்டன. லண்டன் சங்கம் உருவாகவே இன்னும் நான்கு ஆண்டு இருந்தது. ஆஃப்சைட் கிடையாது. உதைத்த பந்து 15 மீட்டராவது பறந்துவர, தரையில் படுமுன் ஒருவர் பிடித்துவிட்டால் அது ‘மார்க்’. பிடித்தவர் தடையின்றி உதைக்கலாம். இதற்காக ஒருவர் முன்னால் நிற்பவரின் தோளில் முழங்காலை ஊன்றி எழும்பி, மற்றத் தலைகளுக்கு மேலே கைகளை நீட்டிப் பந்தைப் பறிப்பார். பந்தைக் குறிவைத்த முயற்சியாக இருக்கும்வரை அது தவறல்ல. நடுக்கம்பங்களுக்கு இடையே உதைத்தால் 6 புள்ளி, அவற்றைத் தவறி நடுக்கம்பத்துக்கும் வெளிக்கம்பத்துக்கும் இடையே போனால் 1. பலகையில் 12.10 என்றிருந்தால் 12 கோல், 10 தவறல், மொத்தம் 82.

அயர்லாந்தின் கேலிக் ஃபுட்பால் அரசியலோடு பிறந்தது. ஆங்கிலேய ஆட்டங்களுக்கு எதிராக 1884-ல் தர்ல்ஸ் நகரில் தொடங்கிய கேலிக் தடகளச் சங்கம், ‘அந்நிய’ ஆட்டம் ஆடுபவரை 1971 வரை விலக்கிவைத்தது. பந்து உருண்டை, நாலு காலடிக்கு மேல் சும்மா சுமக்கக் கூடாது, தரையில் தட்டவோ காலில் தட்டிக் கைக்கு எடுக்கவோ வேண்டும். முழு ஓட்டத்தில் அந்தக் கால்தட்டலைப் பார்ப்பதே தனிச் சுகம். வலைக்குள் போனால் 3, குறுக்குக் கம்பத்துக்கு மேலே போனால் பொதுவாக 1. ஆகவே 2-15 என்றால் 21.

பெயர்க் குழப்பத்துக்குக் காரணம் எளிது. ஓர் ஊரில் எந்த ஆட்டம் முதலில் வேர்விட்டதோ அது ஃபுட்பால் ஆகிவிட்டது, பின்னால் வந்தது வேறு பெயர் தேடிக்கொண்டது. ‘சாக்கர்’ அமெரிக்கர் செய்த குறும்பு என்று பலர் நினைக்கிறார்கள். அது ‘அசோசியேஷன்’ என்பதைச் சுருக்கிய ஆக்ஸ்ஃபோர்டு மாணவர் பேச்சு. ஆங்கிலேயர்களே வெகுகாலம் தயக்கமின்றிச் சொல்லிவந்தார்கள். 1913-ல் ஃபுட்பால் என்ற பெயரோடு தொடங்கிய அமெரிக்கச் சங்கம் 1945-ல் சாக்கரைச் சேர்த்துக்கொண்டது, 1974-ல் ஃபுட்பாலைக் கைவிட்டது. ஆஸ்திரேலியச் சங்கம் 2005-ல் எதிர்த்திசையில் ஃபுட்பாலுக்குத் திரும்பியது, ஆடவர் தேசிய அணி மட்டும் இன்றும் ‘சாக்கரூஸ்’. ஜப்பான் ‘சாக்கா’ என்கிறது, இத்தாலி ‘கால்ச்சோ’, குரோஷியா ‘நோகோமெட்’. தமிழிலும் ஒரே பெயர் இல்லை. தமிழ்நாட்டில் கால்பந்து, சிங்கப்பூர், மலேசியச் செய்திகளில் காற்பந்து, இலங்கைத் தமிழில் உதைபந்தாட்டம். மூன்றும் 11 பேர் ஆடும் ஆட்டத்தையே குறிக்கும். இலங்கைப் பள்ளிக்கூடங்களில் பெருங்கூட்டம் சேர்க்கும் ரக்பி அங்கும் ரக்பிதான்.