யாழ்பாடி: பாடல் எஞ்சாத பாணன்

யாழ்ப்பாணத்துக்குப் பெயர் தந்தவனாகக் கூறப்பெறும் யாழ்பாடியின் கதையைக் கேளாது வளர்ந்த தமிழ் மாணவர் ஈழத்தில் மிகச் சிலரேயாவர். சோழநாட்டினின்றும் வந்த கண்ணிலாப் பாணன் ஒருவன் அரசன் முன்னிலையில் யாழிசைத்துப் பாடினான்; உளமகிழ்ந்த அரசன் வடபாலுள்ள மணற்றிடரைப் பரிசிலாக ஈந்தான்; பாணன் அங்குக் குடிகளை இருத்தினான்; மணற்றிடர் யாழ்ப்பாணமாயிற்று. ஒல்லாந்தர் ஆட்சியில், 18ஆம் நூற்றாண்டில், மயில்வாகனப் புலவர் இயற்றிய யாழ்ப்பாண வைபவமாலை இதனை உரைநடையில் விரித்துரைக்கின்றது. முத்துராச கவிராயரின் கைலாயமாலையும் இதனைக் கூறும்.

வைபவமாலையின் உலகம் வியப்புகள் மலிந்த உலகம். சிங்கமுகம் வாய்ந்த உக்கிரசிங்கனும், கீரிமலைத் தீர்த்தமாடிக் குதிரைமுகம் நீங்கப்பெற்ற மாருதப்புரவல்லியும் உலவும் உலகம் அது. அவர்கள் மகனே பாணனுக்கு நாடீந்தவன். இத்தகைய சூழலில் வாழும் ஒருவனை ஆண்டு, திங்கள் என்று வரையறுக்க முற்படுவது வீண்முயற்சியாகும். ஆயினும் சிலர் முற்பட்டனர். யாழ்பாடியின் பெயர் கவிவீரராகவன் என்று கண்டதும், பொன்விளைந்த களத்தூர் அந்தகக்கவி வீரராகவ முதலியாரே இவர் எனத் துணிந்தனர். இருவரும் கண்ணிழந்தவர் என்பது அவர்க்குப் போதிய சான்றாயிற்று! முதலியாரோ பெரும்பாலும் 17ஆம் நூற்றாண்டினராகக் கொள்ளப்படுபவர். அருணகிரிநாதரின் திருப்புகழில் யாழ்ப்பாணப் பட்டினப் பெயர் அதற்கு முன்னரே, 15ஆம் நூற்றாண்டிலேயே, இடம்பெற்றுவிட்டது. பெயர் முன்னும், பெயரிட்டவன் பின்னுமாதல் யாங்ஙனம் பொருந்தும்? வைபவமாலைச் செய்திகளைச் சுவாமி ஞானப்பிரகாசர் 1928இல் யாழ்ப்பாண வைபவ விமர்சனம் என்னும் நூலில் தடைவிடைகளால் ஆராய்ந்த பின்னரும், இக்கதையை அப்படியே வரலாறாக ஓதுவார் உளர்.

கால ஆராய்ச்சியினும் முதன்மையான வினா வேறொன்றுண்டு. யாழ்பாடி பாடிய பாடல் எது? அரசனை உருக்கிய பண் எது? பாணன் வந்த நாட்டையும் பெற்ற நிலத்தையும் மறவாது கூறும் கதை, அவன் இசையைப் பற்றி எதனையும் கூறுகின்றிலது. பதிற்றுப்பத்தின் ஏழாம் பத்தை இதனோடு ஒப்பிட்டு நோக்குக. செல்வக் கடுங்கோ வாழியாதனைப் பாடிய கபிலர் நூறாயிரங் காணம் பெற்றார் என்றும், நன்றா என்னுங் குன்றேறி நின்று கண்ணிற் கண்ட நாடெல்லாம் அவ்வரசன் கொடுத்தான் என்றும் அதன் பதிகம் கூறும். நாடு கொடுத்த செய்தி ஆங்கும் உண்டு. அஃது உயர்வுநவிற்சியாகவே இருப்பினும் ஆகுக. அப்பரிசிலுக்கு நேரான பத்துப் பாடல்களும் நம் கையில் உள. கொடை பெரிதா, பாட்டுப் பெரிதா என்று நாமே படித்துத் தீர்ப்புக் கூறலாம். யாழ்பாடிக்கோ பட்டயம் இருக்கின்றது, பாட்டு இல்லை. குன்றேறிக் கண்ட நாட்டைச் சேரன் கொடுத்தான். குன்றே இல்லாத மணல்வெளியைக் காணவியலாத ஒருவனுக்கு இவ்வரசன் கொடுத்தான். கதை கட்டியோர் இம்முரணை உணர்ந்திருந்தனரோ என்பது ஐயமே.

இக்குறைக்குக் காரணம் தேடுதல் அரிதன்று. பெயர்க்காரணங் கூறவும், குடியேற்றத்துக்கு உரிமை காட்டவும் எழுந்த கதைக்குப் பாணன் வேண்டும், பண் வேண்டுவதில்லை. அன்றியும், வைபவமாலை எழுந்த நாளில் யாழ் வழக்கொழிந்து, வீணை அதனிடத்தைப் பெற்று நெடுங்காலமாகியிருந்தது. கேட்டறியாத கருவியின் இசையைப் புலவர் எங்ஙனம் வருணிப்பார்? எனினும் ஒரு நாட்டின் முதல்வனாக வாளேந்தியவனை விடுத்து யாழேந்தியவனை நிறுத்திய மனம் பாராட்டற்பாலது. அதனை மறுப்பது கடுமையாகும்.

அவ்விசை எத்தகையதாக இருந்திருக்கும் என்னும் வினாவுக்கு விடை தேடியவர் காரைதீவில் 1892இல் பிறந்த சுவாமி விபுலாநந்தர். அவர் யாழ்பாடி கதையினின்று தொடங்கவில்லை. சிலப்பதிகார அரங்கேற்று காதையில் யாழாசிரியன் அமைதி கூறும் அடிகளினின்று தொடங்கினார். நரம்புகளின் எண்ணையும் அலகுகளின் அளவையும் கணக்கிட்டு ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்தார். அவரது யாழ்நூல் 1947 சூனில் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. அடுத்த திங்கள் 19ஆம் நாள் அவர் கொழும்பில் மறைந்தார்.